பெயரிலேயே நிலம் உள்ளவர்கள்

(அம்பாசமுத்திரத்தில் ஒரு மாலைக் கூட்டத்தில் பேசியதன் எழுத்து வடிவம்)

பெரியவர்களுக்கும் தாய்மார்களுக்கும், மலையிலிருந்து இறங்கி வந்து முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் சொந்தங்களுக்கும் வணக்கம்.

காணி என்ற சொல்லிலிருந்து தொடங்குகிறேன். பழைய பத்திரம் உள்ள எந்த வீட்டிலும் பெட்டியைத் திறந்தால் இந்தச் சொல் இருக்கும். காணி என்றால் நிலம். தலைமுறை தலைமுறையாக அனுபவித்து வரும் நில உரிமைக்கும் அதுதான் பெயர். காணி கொடுத்ததையும் விற்றதையும் நம் கோயில் கல்வெட்டுகள் சொல்கின்றன. அந்தச் சொல்லையே இனப்பெயராகக் கொண்ட காணிக்காரர்கள் நமக்கு மேலே, பொதிகை மலையில், இஞ்சிக்குழியிலும் பெரிய மயிலாறு, சின்ன மயிலாறு, சேர்வலாறு, அகஸ்தியர் காணிக் குடியிருப்பிலும் வாழ்கிறார்கள். அவர்களுடைய ஊர்த் தலைவர் மூட்டுக்காணி. மருந்தும் மந்திரமும் அறிந்தவர் பிலாத்தி. பெயரிலேயே நிலத்தை வைத்திருக்கும் இவர்களிடம்தான் நாம் "நிலத்துக்கு ஆதாரம் எங்கே?" என்று கேட்டுக்கொண்டிருக்கிறோம்.

இதே மலைத்தொடரில் 1929இல் சிங்கம்பட்டி ஜமீன் 8,373 ஏக்கரைத் தேயிலைக் கம்பெனிக்கு 99 ஆண்டுக் குத்தகைக்குக் கொடுத்தது. அதற்குத் தாள் இருக்கிறது, கையெழுத்து இருக்கிறது, 2028 வரை கெடு இருக்கிறது. அந்தத் தேயிலைத் தோட்டமான மாஞ்சோலையின் தொழிலாளர்கள் பட்ட பாட்டைத் தனியாகப் பேச வேண்டும். 1999 ஜூலை 23 அன்று அவர்கள் ஊர்வலத்தைப் போலீஸ் அடித்து விரட்டியபோது தாமிரபரணியில் போன 17 உயிர்களைப் போகிற போக்கில் சொல்லிவிட்டுப் போக எனக்கு மனம் வரவில்லை. இன்று நான் கேட்பது ஒன்றுதான். வெளியிலிருந்து வந்தவருக்கு 99 ஆண்டுக்குத் தாள் எழுதத் தெரிந்த கைகளுக்கு, முன்பே இருந்தவர்களுக்கு ஒரு வரி எழுத ஏன் தோன்றவில்லை?

1882ஆம் ஆண்டின் சென்னை வனச் சட்டத்தைப் பாருங்கள். காட்டை 'ரிசர்வ்', அதாவது காப்புக்காடு, ஆக்கப்போவதாக அறிவிப்பு வரும். உரிமை உள்ளவர் கெடுவுக்குள் வந்து சொல்ல வேண்டும், சொல்லாவிட்டால் உரிமை போயிற்று. எழுத்தே இல்லாத மொழி பேசியவர்கள் அந்த அறிவிப்பை எப்படிப் படித்திருப்பார்கள்? அப்படித்தான் தங்கள் காட்டில் அவர்களே அத்துமீறியவர்கள் ஆனார்கள்.

2006இல் வன உரிமைச் சட்டம் வந்தது. அதன் முகப்புரையிலேயே, வனவாசிகளுக்கு வரலாற்று அநீதி நடந்துவிட்டது என்று நாடாளுமன்றம் ஒப்புக்கொள்கிறது. சட்டத்தின் பெயரில் உள்ள சொல் 'அங்கீகரித்தல்'. இதை நிதானமாக யோசிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன். சர்க்கார் நிலம் வழங்குவதாக அதில் இல்லை. ஏற்கெனவே இருக்கும் உரிமையை இருக்கிறது என்று ஒத்துக்கொள்கிறது, அவ்வளவுதான். ஆனால் நாம் இன்னும் 'பட்டா வழங்கும் விழா' என்றுதான் பேனர் கட்டுகிறோம்.

அந்தச் சட்டம் 2007 டிசம்பர் 31 அன்று நடைமுறைக்கு வந்தது. அதற்கு மூன்று நாள் முன்பு, டிசம்பர் 28 அன்று, இந்தக் குடியிருப்புகள் இருக்கும் களக்காடு முண்டந்துறையில் 895 சதுர கிலோமீட்டர் புலிகளின் முக்கிய வாழிடமாக அறிவிக்கப்பட்டது. நான் புலிக்கு எதிரி இல்லை. புலி இருந்தால்தான் காடு, காடு இருந்தால்தான் நம் ஆறு. ஆனால் ஒரு குடியிருப்பிலாவது போய் உட்கார்ந்து கேட்டுவிட்டுச் செய்திருக்கலாமே என்று மனம் ஆறவில்லை. அப்புறம், 2008இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் இடைக்கால உத்தரவு வந்தது. 2016இல் உச்ச நீதிமன்றம் வழிவிடும் வரை தமிழ்நாட்டில் உரிமைத் தாள் கொடுப்பது நின்றே கிடந்தது. எட்டு ஆண்டுகள். அதற்குள் எத்தனை பெரியவர்கள் போய்ச் சேர்ந்தார்கள்!

"நிலத்தைக் கொடுத்தால் ரிசார்ட்காரனுக்கு விற்றுவிடுவார்கள்" என்கிறார்கள். விற்க முடியாது. இது வாரிசுக்குப் போகும், கைமாறாது. கணவன் மனைவி இருவர் பெயரிலும் இருக்க வேண்டும். ஒரு குடும்பத்துக்கு அதிகம் போனால் நான்கு ஹெக்டேர். இதைவிடப் பெரிது சமூக உரிமை. தேன், மூங்கில், குங்கிலியம் போன்ற சிறு வனப்பொருட்கள் அவர்களுக்குச் சொந்தம். காட்டைக் காக்கும் அதிகாரமும் கிராம சபைக்கு உண்டு.

சரி, காடு அழிந்துவிடாதா? பொதிகையின் அந்தப் பக்கம், கேரளத்தில், 1987இல் நடந்ததைக் கேளுங்கள். ஆய்வாளர்கள் மலையேறிக் களைத்துப் போனார்கள். வழிகாட்டிய காணிக்காரர்கள் மட்டும் ஒரு காயைத் தின்றுகொண்டு சளைக்காமல் நடந்தார்கள். ஆரோக்கியப்பச்சை என்று இன்று உலகமே அறிந்த செடி அதுதான். அதிலிருந்து 'ஜீவனி' என்ற மருந்து வந்தது. உரிமத் தொகையில் பாதி காணிக்காரர்களுக்கு என்று ஒப்பந்தமும் ஆயிற்று. நல்ல செய்திதான். ஆனால் அந்தச் செடியை வளர்த்து இலை விற்க அவர்கள் முயன்றபோது வனத்துறை தடுத்தது. அறிவு அவர்களுடையது என்று ஒத்துக்கொண்டவர்கள், அந்த அறிவு விளைந்த மண்ணை ஒத்துக்கொள்ளவில்லை. அந்த மண்ணில் அத்தனை செடியையும் இத்தனை காலம் வாழவிட்டு, தாங்களும் வாழ்ந்தவர்கள் யார்?

நான் பார்த்த ஒன்றைச் சொல்கிறேன். மலையிலிருந்து வந்த ஒரு பெரியவருக்கு மனு எழுதிக்கொடுத்து, கூடவே ஓர் அலுவலகத்துக்கும் போனேன். மேசைக்கு அந்தப் பக்கம் இருந்தவர் தீர்வை ரசீது கேட்டார், இல்லை. செயற்கைக்கோள் படத்தைக் காட்டி, "பாருங்கள், வெறும் மரம்தானே தெரிகிறது? சாகுபடி எங்கே?" என்றார். பெரியவர் படத்தையே உற்றுப் பார்த்தார். பிறகு விரலை வைத்து, "இது எங்க அப்பா வச்ச பிலா. இதுல நல்லமிளகு ஏறிக் கெடக்கு. அடியில மரச்சீனி" என்றார். அன்று மனு திரும்பி வந்துவிட்டது.

அவருடைய விவசாயம் மேலிருந்து பார்த்தால் காடாகத்தான் தெரியும். மரத்தை வெட்டி வெளியாக்கியிருந்தால் படத்தில் சாகுபடி என்று தெரிந்திருக்கும். காட்டைக் காத்ததே அவருக்கு எதிரான சாட்சியாகிவிட்டது. பேருந்தில் திரும்பும்போது அவர் ஒன்றும் பேசவில்லை. எனக்கும் பேச வாய் வரவில்லை.

பிறகுதான் விதிகளை வரிக்கு வரி படித்தேன். செயற்கைக்கோள் படம் துணை ஆதாரம் மட்டுமே, மற்ற ஆதாரங்களுக்கு அது ஈடாகாது. பழைய கல்லறை, சாமி இருக்கும் இடம், கிணறு, கல்வரப்பு, மனுதாரர் அல்லாத ஊர்ப் பெரியவர் சொல்லி எழுதிய வாக்குமூலம் எல்லாமே ஆதாரம்தான். உரிமையைச் சரிபார்த்து முடிக்கும் வரை யாரையும் வெளியேற்றவும் கூடாது. இது தெரியாமல் எத்தனை மனுக்களை மடித்துப் பையில் வைத்துக்கொண்டு திரும்பியிருப்பார்கள்!

2024 ஜூனில் தேசியப் புலிகள் ஆணையம் மாநிலங்களுக்கு ஒரு கடிதம் எழுதியது. நாடு முழுவதும் புலிகள் காப்பகங்களின் உட்பகுதியில் 591 ஊர்கள், 64,801 குடும்பங்கள் இருக்கின்றன, அவர்களை வெளியே குடியமர்த்தக் கால அட்டவணை போடுங்கள் என்றது. விருப்பம் இருந்தால் மட்டுமே இடமாற்றம் என்று சட்டம் சொல்கிறது. கேட்டுப் பெறாததை விருப்பம் என்று எழுதிக்கொள்ள முடியாது. ஒடிசாவின் நியம்கிரி மலையில் சுரங்கம் தோண்டலாமா என்று 2013இல் உச்ச நீதிமன்றம் கிராம சபைகளைக் கேட்கச் சொன்னது. பன்னிரண்டு சபைகளும் சுரங்கம் வேண்டாம் என்றன, சுரங்கம் வரவில்லை. அந்தச் சபைகளுக்கு இருந்த அதே அதிகாரம் இஞ்சிக்குழிக்கும் உண்டு.

ஆடி அமாவாசைக்கு அந்த மலையில் இருக்கும் சொரிமுத்தையனார் கோயிலில் நம் கூட்டம் எவ்வளவு திரள்கிறது என்று உங்களுக்குத் தெரியும். நம் ஒவ்வொரு வீட்டுக் குடத்திலும் இருப்பது அந்த மலையின் தண்ணீர்தான். அதனால் இதை அவர்கள் பிரச்சினை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை.

மேடைக்குப் பக்கத்தில் ஒரு மேசை போட்டிருக்கிறோம். தனி உரிமைக்கும் சமூக உரிமைக்குமான படிவங்கள் அங்கே இருக்கின்றன. முன்வரிசையில் இருப்பவர்கள் சொல்லச் சொல்ல யாராவது எழுத வேண்டும். கையெழுத்து நன்றாக உள்ளவர்கள், முக்கியமாகக் கல்லூரிப் பிள்ளைகள், கடைசி பஸ்ஸுக்கு நேரம் இருந்தால் ஒரு மணி நேரம் இருந்துவிட்டுப் போங்கள். பலாமரம் என்று சொன்னால் பலாமரம் என்றே எழுதுங்கள், யார் வைத்தது என்பதையும் கேட்டு எழுதுங்கள்.