மாடிக்கு மாடி மாறும் நேரம்

நேயர்களுக்கு வணக்கம்.

அறிவியல் கதை எழுதுகிறவர்கள் காலத்துக்கு விதி வகுக்கும்போது பெரும்பாலும் ஒரே வரியோடு நின்றுவிடுகிறார்கள். 'மேலே போகப் போக நேரம் வேகமாக ஓடும்' என்பார்கள். எவ்வளவு உயரத்துக்கு எவ்வளவு வேகம் என்று எண் போட மாட்டார்கள். எண் போட்டால்தான் அது விதி. இதே புதுச்சேரியில் 1825-இல் ஒரு பஞ்சாங்கக் கணிதர், தரையில் சோழிகளை வைத்து, மனப்பாடமாக இருந்த சூத்திரங்களைக் கொண்டே சந்திர கிரகணத்தைக் கணித்துக் காட்டினார். ஆங்கிலேயப் படை அதிகாரி ஜான் வாரன், இந்தியக் காலக்கணிதம் பற்றிய தம் காலசங்கலிதம் நூலில் அதைப் பதிந்திருக்கிறார். பூமி நடுவில் நிற்கிறது என்று கொண்ட பழைய கணிதம்தான். ஆனால் வானத்தோடு ஒப்பிட்டு எத்தனை நிமிடம் பிசகியது என்று சொல்ல முடிந்தது. கற்பனை விதிக்கும் அந்தத் தகுதி வேண்டும் என்பது என் கட்சி.

ஒரு விதியை எடுத்துக்கொள்வோம். பெயர் மாடி விதி: ஒரு மீட்டர் மேலே போனால் கடிகாரம் 1 சதவீதம் வேகமாக ஓடும்.

முதல் கேள்வி, எதற்கு 1 சதவீதம்? தரைக் கடிகாரத்துக்கு என்றால், 30 மீட்டர் கோபுரத்தின் உச்சியில் வேகம் 1.3 மடங்கு. தரையில் 24 மணி நேரம் கழியும்போது மேலே 31 மணி 12 நிமிடம். ஒவ்வொரு மீட்டரும் அதற்குக் கீழே உள்ள மீட்டரை விட 1 சதவீதம் கூடுதல், அதாவது கூட்டு வட்டி மாதிரி என்றால், மேலே 32 மணி 21 நிமிடம். வித்தியாசம் சின்னதுதானே என்று விட்டுவிடக் கூடாது. முதல் கணக்கைக் கீழ்ப்பக்கம் நீட்டிப் பாருங்கள். 100 மீட்டர் ஆழத்தில் வேகம் பூஜ்யம். கடலூர்ப் பக்கம் 100 மீட்டருக்குப் போர் போட்டால் அடியில் உள்ள மோட்டார் தரைக்காரர் கணக்கில் சுற்றவே சுற்றாது. தண்ணீர் என்றைக்கும் மேலே வராது. கூட்டு வட்டிக் கணக்கில் அதே ஆழத்தில் 0.37 மடங்கு வேகம் மிஞ்சும்; தண்ணீர் வரும். எந்த மாடியில் நின்று அளந்தாலும் விதி ஒன்றாகவே இருக்கும் என்பதாலும் கூட்டு வட்டிக் கணக்கையே எடுத்துக்கொள்ளுங்கள்.

வானொலி என்ன ஆகும்? தரையில் 100 மெகாஹெர்ட்ஸில் ஒலிபரப்பினால், 10 மீட்டர் உயர மொட்டை மாடியில் 90.5-இல் திருகித் தேட வேண்டும். ஒரு மணி நேர நிகழ்ச்சி அங்கே 66 நிமிடம் ஓடும். பேச்சு இழுத்து இழுத்து, கட்டைக் குரலில் கேட்கும்.

இனி முக்கியமான இடம். மேலேயிருந்து 100 அலகு ஆற்றலுள்ள ஒளியை ஒரு மீட்டர் கீழே அனுப்புங்கள். கீழே கடிகாரம் மெதுவாக ஓடுவதால், அங்கே விநாடிக்கு அதிக அலைகள் வந்து சேரும். அலைவெண் கூடினால் ஆற்றலும் கூடும்; 101 அலகு கிடைக்கும். அதை ஒரு பேட்டரியில் ஏற்றி மேலே தூக்கி வாருங்கள். தூக்குவதற்குச் செலவில்லை என்றால் சுற்றுக்கு 1 சதவீதம் சும்மா வருகிறது. 70 சுற்றில் இரட்டிப்பு. அந்த உலகத்தில் யாரும் விறகு வாங்க மாட்டார்கள். இந்த ஓட்டையை அடைக்க ஒரே வழி, அந்த பேட்டரியை மேலே தூக்கச் சரியாக அந்த ஓர் அலகு செலவாக வேண்டும். அதாவது பொருளுக்கு எடை வேண்டும். கால விதி எழுதிய கையோடு ஈர்ப்பு விதியும் வந்துவிட்டது. அதைத் தனியாக வகுக்க உங்களுக்கு உரிமை இல்லை.

கணக்கு எளிது. ஒளிவேகத்தின் வர்க்கத்தை, மீட்டருக்கு நேரம் கூடும் பின்னத்தால் பெருக்குங்கள். ஈர்ப்பு முடுக்கம் வரும், அதாவது கீழே விழும் பொருளின் வேகம் விநாடிக்கு விநாடி எவ்வளவு கூடுகிறது என்ற எண். நம் உலகத்தில் சோதிக்கலாம். ஒளி விநாடிக்கு 30 கோடி மீட்டர். வர்க்கம் 900 கோடி கோடி. இங்கும் மேலே நேரம் வேகமாகத்தான் ஓடுகிறது, மீட்டருக்கு நூறு கோடி கோடியில் 1.1 பங்கு. பெருக்கினால் ஏறத்தாழ 9.8, பள்ளிப் புத்தகத்து எண். வெறும் 33 சென்டிமீட்டர் உயர்த்தி வைத்த அணுக் கடிகாரத்தில் இந்த வேறுபாட்டை 2010-இல் அமெரிக்காவில் அளந்துவிட்டார்கள்.

மாடி விதிக்கு அதே பெருக்கலைப் போட்டால் 9 கோடி கோடி வரும். எறும்பு கூட நசுங்கிவிடும். ஈர்ப்பு நம் உலகத்தில் உள்ளபடி சுமார் 10-ஆகவே இருக்க வேண்டுமானால் ஒளிவேகத்தை விநாடிக்கு 31.6 மீட்டராகக் குறைக்க வேண்டும், மணிக்கு 114 கிலோமீட்டர். எதுவும் அதைத் தாண்ட முடியாது. 2011 டிசம்பர் 30 காலை கடலூருக்கும் புதுச்சேரிக்கும் இடையே கரையேறிய தானே புயலின் காற்று 120 முதல் 140 வரை. அந்த உலகத்தில் தானே வீசியிருக்கவே முடியாது.

ஆகவே எண்ணைக் குறையுங்கள். 200 மீட்டருக்கு 1 சதவீதம் என்று வைத்தால் ஒளிவேகம் விநாடிக்கு 447 மீட்டர். புயல் வீசும். காற்றில் ஒலி 340-இல் போகலாம். ஒரு கிலோமீட்டர் தள்ளி மின்னினால், மின்னல் தெரிந்து முக்கால் விநாடிக்குள் இடி. கடலூரில் ஏற்றிய விளக்கு, சுமார் 22 கிலோமீட்டர் தள்ளி புதுச்சேரியில் தெரிய 49 விநாடி. இரண்டு எச்சரிக்கை: இரும்புக்குள் ஒலி 5000 மீட்டர் வேகத்தில் ஓடுகிறது, எனவே அங்கே இரும்பு இவ்வளவு விறைப்பாக இருக்கக் கூடாது. உலகமும் தட்டையாகவே இருக்கட்டும். பூமி அளவு உருண்டை என்றால் இந்த ஒளிவேகத்தில் அது ஒளியும் தப்ப முடியாத கருந்துளை.

இப்போது 30 மீட்டர் கலங்கரை விளக்கத்தின் உச்சியிலேயே தங்கிய காவலாளிக்கு ஆண்டுக்கு 13 மணி நேரம் கூடும். 40 ஆண்டில் 22 நாள். கதைக்கு இது தாராளம். இங்கேதான் பலர் தடுமாறுகிறார்கள்: அவர் கீழே இறங்கியதும் கடிகாரங்களைச் சமமாக்கிவிடுகிறார்கள். சமமாவது ஓடும் வேகம் மட்டுமே. சேர்ந்த 22 நாள் அவர் கடிகாரத்திலும் நரையிலும் அப்படியே இருக்கும். சம்பளம் எந்தக் கடிகாரப்படி என்று வேலையில் சேரும் அன்றே எழுதிக்கொள்ள வேண்டியிருக்கும். நீங்களும் கையெழுத்துப் பிரதியில் தேதி வரும் இடமெல்லாம், அது எத்தனை மீட்டர் உயரத்துத் தேதி என்று ஓரத்தில் குறித்து வையுங்கள். வணக்கம்.