தரோ: மூத்த பிள்ளைக்கு வைத்த பெயர்

[திரையில்: அலுவலக மேசை. அதன் மேல் ஒரு மாதிரிப் படிவம்.]

வணக்கம். ஜப்பானில் ஒரு வங்கிக்கோ நகராட்சி அலுவலகத்துக்கோ போனால், படிவம் நிரப்புகிற மேசையில் ஒரு மாதிரிப் படிவம் வைத்திருப்பார்கள். எந்தக் கட்டத்தில் எதை எழுத வேண்டும் என்று பார்த்துக்கொள்வதற்காக. அதில் பெயருக்கான கட்டத்தைப் பாருங்கள். பெரும்பாலும் ஒரே ஆள்தான் அங்கே இருப்பார்: யமதா தரோ. பெண் என்றால் யமதா ஹனகோ.

யமதா குடும்பப் பெயர். தரோ அவருக்கு வைத்த பெயர். யாரும் இல்லாத இடத்தில் யாரோ ஒருவரை நிறுத்த வேண்டும் என்றால் ஜப்பானியர்களுக்கு முதலில் வாயில் வருவது தரோதான். இவ்வளவு சாதாரணமான பெயருக்கு ஒரு வீடியோவா என்று கேட்கலாம். ஜப்பானியப் பெயர்களில் எனக்கு ரொம்பப் பிடித்த பெயர் இது. ஏன் என்று சொல்கிறேன்.

முதலில் உச்சரிப்பு. 'த' குறில், 'ரோ' நெடில். கடைசி ஓசையை இழுத்துச் சொல்ல வேண்டும். ஆங்கில எழுத்தில் எழுதும்போது அந்த நெடில் காணாமல் போய்விடும். அதனால்தான் பலரும் முதல் எழுத்தை நீட்டி 'டாரோ' என்கிறார்கள். தமிழில் குறிலும் நெடிலும் தனித்தனியாக இருப்பதால் நமக்கு அந்தச் சிக்கல் இல்லை. தரோ. அவ்வளவுதான்.

[திரையில்: வெள்ளைத்தாள், தூரிகை. முதல் எழுத்து மெதுவாக உருவாகிறது.]

இப்போது எழுத்தைப் பார்க்கலாம். இரண்டே 'கான்ஜி' எழுத்துகள், அதாவது சீனத்திலிருந்து வந்த எழுத்துகள். தூரிகையால் குறுக்கே ஒரு கோடு. அதற்கு மேலே நடுவில் தொடங்கி, அதைக் கடந்து இடப்பக்கம் சரிந்து இறங்கும் ஒரு கோடு, வலப்பக்கம் இறங்கும் இன்னொன்று. கைகளை விரித்து, கால்களை அகட்டி ஒரு மனிதன் நிற்பது போல இருக்கும். இந்த மூன்று கோடுகளோடு நிறுத்தினால் அதற்குப் பொருள் 'பெரிய'. அப்புறம் அந்தக் கால்களுக்கு நடுவே ஒரு புள்ளி வையுங்கள். அதுதான் 'த'. தடித்த, மிகப் பெரிய, தலையாய என்று பொருள். அதே புள்ளியைக் கீழே வைக்காமல் வலது தோளுக்கு மேலே வைத்துவிட்டால் 'நாய்' என்று ஆகிவிடும்! எழுதப் பழகும் குழந்தைகள் தடுமாறுகிற இடம் இது.

இரண்டாவது எழுத்து 'ரோ'. ஒன்பது கோடுகள். பழைய சீனத்தில் அரண்மனையில் பணிபுரிந்த இளம் அதிகாரிகளைக் குறித்த சொல் இது. பிறகு இளைஞன் என்ற பொருளுக்கு வந்து, ஜப்பானில் ஆண்பிள்ளையின் பெயருக்கு விகுதியாகிவிட்டது. இரண்டையும் சேர்த்தால் தலைமகன். வீட்டில் மூத்த ஆண்பிள்ளை.

மூத்தவன் தரோ என்றால் அடுத்தவன்? ஜிரோ. அதற்கடுத்து சபுரோ, ஷிரோ, கொரோ. அப்படியே ஆறாவது ரொகுரோ, ஏழாவது ஷிச்சிரோ, எட்டாவது ஹச்சிரோ, ஒன்பதாவது குரோ, பத்தாவது ஜூரோ. பதினோராவது பிள்ளை பிறந்தால்? அதற்கும் பெயர் இருக்கிறது: யொய்ச்சி. 'பத்துக்கு மேல் ஒன்று' என்று பொருள். 1185-ல் யஷிமா கடற்போரில், எதிரிப் படகில் கம்பத்தின் உச்சியில் கட்டியிருந்த விசிறியை ஒரே அம்பில் வீழ்த்தியதாகப் பாடப்படும் நசு நொ யொய்ச்சி இந்த வகைப் பெயர்க்காரன்தான். அவன் பதினோராவது மகன் என்பதைப் பெயரே சொல்லிவிடுகிறது.

இதற்குள் இன்னும் நுணுக்கம் உண்டு. தரோவுக்குப் பிறக்கும் மூத்த மகனையும் தரோ என்றால் வீட்டில் குழப்பம் வரும். அதனால் அவன் கொதரோ, அதாவது சின்னத் தரோ. அல்லது மததரோ, 'மறுபடியும் தரோ'. பெயரைக் கேட்டாலே இவன் தலைமகனின் தலைமகன் என்று ஊருக்குத் தெரிந்துவிடும்.

சரி, எண்ணைப் போல ஒரு பெயரை வைத்துக்கொண்டு அந்தக் கால வீரர்கள் எப்படி வாழ்ந்தார்கள்? அவர்களுக்கு ஒரு பெயரோடு முடியவில்லை. குழந்தையில் ஒரு பெயர். பெரியவனாகும் சடங்கில் தலைமுடியை மாற்றிக் கட்டி, குல்லாய் அணிவித்த பிறகு, முறையான இயற்பெயர். அந்த இயற்பெயருக்கு 'இமினா' என்று பெயர். அதை வாய்விட்டுக் கூப்பிடக் கூடாது. பெற்றோரும் எசமானும் தவிர வேறு யாரும் அதைச் சொன்னால் பெரிய மரியாதைக் குறைவு. அப்படியானால் அன்றாடம் எப்படித்தான் கூப்பிடுவது? அங்கேதான் தரோவும் ஜிரோவும் வேலை செய்தார்கள். உண்மைப் பெயரைக் காக்க முன்னால் நின்ற பெயர்கள் இவை.

பதினோராம் நூற்றாண்டில் மினமொதொ குலத்தில் மூன்று அண்ணன் தம்பிகள். மூத்தவன் யொஷியியே, 1039-ல் பிறந்தவன். அவனுக்குப் பெரியவனாகும் சடங்கு இவஷிமிசு ஹச்சிமன் கோயிலில் நடந்தது. அதனால் அவன் ஹச்சிமன் தரோ. அடுத்தவனுக்குக் கியோத்தோவின் கமோ கோயிலில். அவன் கமோ ஜிரோ. மூன்றாமவனுக்கு ஷின்ரா தெய்வத்தின் முன்னால். அவன் ஷின்ரா சபுரோ. எந்தத் தெய்வத்தின் முன் பெரியவனானான், எத்தனையாவது மகன் என்ற இரண்டு செய்திகளும் இரண்டே சொல்லில் அடங்கிவிடுகின்றன. இதே குலத்தில் பின்னால் வந்த புகழ்பெற்ற யொஷித்சுனேயை ஊரார் குரோ என்று அழைத்தார்கள். தந்தைக்கு அவன் ஒன்பதாவது மகன்.

[திரையில்: வெறும் மர மேடை. பின்சுவரில் வரைந்த ஒரு பைன் மரம்.]

வீரர்கள் மட்டும்தான் தரோவா என்றால், இல்லை. கியோகென் என்ற பழைய நகைச்சுவை நாடகத்தில் வேலைக்காரனுக்கே பெயர் தரோ கஜா. இன்னொரு வேலைக்காரன் இருந்தால் அவன் ஜிரோ கஜா. இங்கே எண் பிறப்பு வரிசையைக் காட்டுவதில்லை, வேலைக்காரர்களில் யார் மூத்தவன் என்பதைக் காட்டுகிறது.

இதில் 'புசு' என்றொரு நாடகம். வெளியே கிளம்பும் எசமான் ஒரு சாடியைக் காட்டி, "இதில் இருப்பது கொடிய விஷம். அந்தப் பக்கத்திலிருந்து காற்று வீசினாலே சாவு" என்று மிரட்டிவிட்டுப் போகிறான். தரோவுக்கு மனசு கேட்கவில்லை. விசிறியால் எதிர்ப்பக்கம் வீசிக்கொண்டே மெல்ல நெருங்கி, மூடியைத் திறந்து, நக்கிப் பார்க்கிறான். சர்க்கரை! இருவரும் சேர்ந்து சாடியைக் காலி செய்கிறார்கள். பிறகு எசமானின் அருமையான ஓவியச் சுருளைக் கிழிக்கிறார்கள், விலையுயர்ந்த கிண்ணத்தை உடைக்கிறார்கள். எசமான் திரும்பி வரும்போது இரண்டு பேரும் உட்கார்ந்து ஓவென்று அழுகிறார்கள். "ஐயா, உங்கள் பொருளை உடைத்துவிட்டோம். செத்துத் தொலையலாம் என்று அந்த விஷத்தைத் தின்றோம். எவ்வளவு தின்றும் சாகவே இல்லையே!" அறுநூறு ஆண்டுப் பழமை கொண்ட நாடக மரபு இது. இன்றும் பள்ளிப் பிள்ளைகள் இதைக் கேட்டு விழுந்து விழுந்து சிரிக்கிறார்கள்.

இப்போது மனிதர்களை விட்டுக் கொஞ்சம் வெளியே வாருங்கள். தோக்கியோவுக்கு வடக்கே ஓடும் தொனே ஆறு 322 கிலோமீட்டர் நீளம். வெள்ளம் வந்தால் யாருக்கும் அடங்காது. அந்த நிலப்பகுதிக்குப் பழைய பெயர் பந்தோ. அதனால் ஆற்றுக்குச் செல்லப்பெயர் பந்தோ தரோ. தெற்கே கியூஷுவில் ஓடும் சிகுகோ ஆறு த்சுகுஷி ஜிரோ. ஷிகொகுவின் யொஷினோ ஆறு ஷிகொகு சபுரோ. நாட்டின் மூன்று முரட்டு ஆறுகளும் அண்ணன் தம்பிகளாகிவிட்டன. எனக்கு இது வெறும் அலங்காரமாகத் தோன்றவில்லை. ஆண்டுதோறும் வீட்டையும் வயலையும் அடித்துக்கொண்டு போகும் ஆற்றோடு காலமெல்லாம் வாழ வேண்டியவர்கள், அதை வீட்டுப் பிள்ளையாக நினைத்துப் பெயர் வைத்திருக்கிறார்கள்.

இந்தப் பழக்கம் மிகப் பழையது. 970-ல் பிள்ளைகளுக்காக எழுதிய ஒரு பாடநூலில் நாட்டின் பெரிய கட்டடங்களை வரிசைப்படுத்தும் ஒரு வரி உண்டு. இசுமோ கோயில் தரோ, நாராவின் பெரிய புத்தர் மண்டபம் ஜிரோ, கியோத்தோ அரண்மனையின் பெருமண்டபம் சபுரோ. நாராவில் உள்ள தோதைஜி கோயிலின் மணி 752-ல் வார்த்தது, எடை ஏறத்தாழ 26 டன். அதற்கும் நாரா தரோ என்றுதான் பெயர். கோடையில் மலைபோலத் திரண்டு எழும் இடிமேகத்தைக்கூட, எந்தப் பக்கம் எழுகிறதோ அந்த ஊர்ப் பெயரைச் சேர்த்து தரோ என்றே கூப்பிட்டிருக்கிறார்கள்.

கதைகளுக்கு வருவோம். பீச் பழத்திலிருந்து பிறந்த மொமொதரோவை ஜப்பானில் தெரியாத குழந்தை இல்லை. சிறுதானிய உருண்டையைக் கொடுத்து நாய், குரங்கு, காட்டுப்பறவை மூன்றையும் கூட்டாளியாக்கி, அரக்கர்களை வெல்லப் போனவன். ஒகயமா ஊர்க்காரர்கள் அவனைத் தங்கள் பிள்ளையாகவே கொண்டாடுகிறார்கள். விமான நிலையத்துக்கே அவன் பெயர்தான்.

ஆமையின் முதுகில் ஏறிக் கடலுக்கடியில் போன உரஷிமா தரோ கதையில் ஒரு சுவாரசியம் இருக்கிறது. எட்டாம் நூற்றாண்டு நூல்களிலேயே இந்தக் கதை வந்துவிட்டது. ஆனால் அங்கே அவன் தரோ அல்ல. 'உரஷிமாவின் பிள்ளை' என்ற பொருளில்தான் பெயர் வருகிறது. பல நூற்றாண்டுகள் கழித்து, சாதாரண மக்கள் படிக்கும் படக்கதைகளாக மாறியபோதுதான் தரோ ஒட்டிக்கொண்டது. பழைய நூலின் மனிதன் பக்கத்து வீட்டுப் பையனாக மாறிய இடம் அது.

[திரையில்: மரக்கட்டை போன்ற தடிமனான மிட்டாய் உருளை. இழுக்க இழுக்க மெலிகிறது.]

மூன்றாமவன் கின்தரோ. மலையில் கரடியோடு மல்லுக்கு நின்ற சிவந்த குண்டுப் பையன். அவன் பெயரில் ஒரு மிட்டாய் உண்டு. சூடு ஆறாத சர்க்கரைப் பாகில் வண்ணம் கலந்து, கண்ணுக்கு ஒரு பட்டை, புருவத்துக்கு ஒரு பட்டை, வாய்க்கு ஒரு பட்டை என்று அடுக்கி, கட்டை போல உருட்டுகிறார்கள். பிறகு அதை விரல் அளவு மெலியும்வரை நீளமாக இழுத்து, குறுக்கே வெட்டுகிறார்கள். எந்த இடத்தில் வெட்டினாலும் அந்தத் துண்டில் கின்தரோவின் முகம் தெரியும். ஆளுக்கு ஆள் வித்தியாசமே இல்லாத கூட்டத்தைச் சொல்ல ஜப்பானியர்கள் இந்த மிட்டாயைத்தான் உவமை காட்டுவார்கள்.

இந்தப் பெயர் முறைக்கு 1872-ல் ஒரு பெரிய திருப்பம் வந்தது. ஒருவருக்கு ஒரு பெயர்தான் என்று மெய்ஜி அரசு ஆணையிட்டது. கூப்பிடும் பெயரா, இயற்பெயரா, ஒன்றைத் தேர்ந்தெடுத்துக்கொள்ள வேண்டும். அரசியல் தலைவர் கொதோ ஷோஜிரோ கூப்பிடும் பெயரையே வைத்துக்கொண்டார். வேறு பலர் இயற்பெயரை எடுத்தார்கள். புகழ்பெற்ற சாமுராய்த் தலைவர் சைகோ தகமொரி விஷயத்தில் நடந்தது வேறு. அரசுப் பதிவுக்காக அவருடைய இயற்பெயரைக் கேட்டபோது, நண்பர் ஒருவர் நினைவுத் தவறாக அவர் தந்தையின் இயற்பெயரைச் சொல்லிவிட்டார் என்பார்கள். அந்தப் பெயரிலேயே இன்றுவரை உலகம் அவரை அறிகிறது. நெருங்கிய நண்பருக்கே இயற்பெயர் சரியாகத் தெரியாத அளவுக்கு அது வாயில் புழங்காமல் இருந்திருக்கிறது!

பெயர் ஒன்றாகிவிட்ட பிறகு எண்ணும் மெல்லத் தளர்ந்தது. பேஸ்பால் வீரர் இச்சிரோவைப் பாருங்கள். 2004-ல் ஒரே பருவத்தில் 262 முறை பந்தை அடித்து, அமெரிக்காவில் 84 ஆண்டுகளாக நின்ற சாதனையை முறியடித்தவர். இச்சி என்றால் ஒன்று. ஆனால் அவர் வீட்டில் இரண்டாவது மகன். அவர் பெயரில் வரும் 'ரோ' எழுத்தையும் உற்றுப் பார்க்க வேண்டும். இடப்பாதி நாம் பார்த்த 'ரோ'வின் இடப்பாதியேதான். வலப்பாதியில் நிலாவைக் குறிக்கும் வடிவம் இருக்கிறது. இந்த 'ரோ'வுக்குப் பொருள் தெளிவு, மலர்ச்சி. ஓசை ஒன்றே, பொருள் வேறு. 

இன்னொரு தரோவையும் ஜிரோவையும் சொல்லாமல் விட முடியாது. 1958 பிப்ரவரியில் அண்டார்க்டிகாவில் பனி வழியை மறித்ததால், ஷோவா ஆய்வு நிலையத்தில் பனியில் வண்டி இழுக்கும் 15 நாய்களைச் சங்கிலியோடு விட்டுவிட்டு ஜப்பானியக் குழு திரும்ப வேண்டியதாயிற்று. அடுத்த ஆண்டு ஜனவரி 14 அன்று திரும்பிப் போனவர்களை நோக்கி இரண்டு நாய்கள் ஓடி வந்தன. உடன்பிறப்புகளான தரோவும் ஜிரோவும். ஏழு நாய்கள் சங்கிலியிலேயே இறந்து கிடந்தன. ஜிரோ 1960-ல் அந்தப் பனியிலேயே இறந்தது. தரோ நாடு திரும்பி, ஹொக்கைதோ பல்கலைக்கழகத் தாவரவியல் தோட்டத்தில் 1970 வரை வாழ்ந்தது. அந்த இரண்டு நாய்களுக்கும் எண்ணைத்தான் பெயராக வைத்தார்கள் என்று எனக்குச் சொல்ல வரவில்லை.

இப்போது பிறக்கும் குழந்தைகளுக்குத் தனியாகத் தரோ என்று வைப்பது அரிது. ரென், ஹருதொ, மினதொ என்ற பெயர்கள்தான் முன்னால் நிற்கின்றன. ஆனாலும் ஷின்தரோ, ரின்தரோ, கெய்தரோ என்று பின்னொட்டாக அது வந்துகொண்டே இருக்கிறது. கென்தா, ஷோதா, யூதா என்ற பெயர்களில் உள்ள 'தா'வும் பல சமயம் அந்தப் புள்ளி வைத்த எழுத்துதான். 

[திரையில்: மீண்டும் அதே படிவம். பெயருக்கு மேலே ஒரு சிறிய கட்டம்.]

புதிய பெயர்கள் பலவற்றை எழுத்தைப் பார்த்துப் படிக்க முடிவதில்லை. ஒரே எழுத்தை ஒவ்வொரு வீட்டிலும் ஒவ்வொரு மாதிரி உச்சரிக்கிறார்கள். குடும்பப் பதிவேட்டிலும் உச்சரிப்புக்கு இடமே இல்லாமல் இருந்தது. 2025 மே 26 முதல் அதையும் பதிய வேண்டும் என்று சட்டம் வந்து, எல்லாருக்கும் சரிபார்க்கச் சொல்லிக் கடிதம் போயிற்று. அந்தக் கடிதத்தைப் பிரித்த ஒவ்வொரு தரோவும் தன் பெயருக்கு நேரே பார்த்தது மூன்று சின்ன எழுத்துகளை: த, ரொ, உ. அந்தக் கடைசி 'உ'தான், நாம் முதலில் இழுத்துச் சொன்ன நெடில்.