லா சீட் கிடைக்கவில்லை என்றால் கோர்ட்டுக்குப் போகலாமா?

(திரையில்: ஒரு வாட்ஸ்அப் குழு)

வணக்கம். ஜனவரியில் மெட்ரிக் (இங்கே பன்னிரண்டாம் வகுப்பு இறுதித் தேர்வு) ரிசல்ட் வந்துவிட்டால், தென்னாப்பிரிக்காவில் நம் டர்பனின் சாட்ஸ்வொர்த், ஃபீனிக்ஸ் பக்கம் எந்தக் குழுவைத் திறந்தாலும் இந்தக் கேள்விதான்: "அக்கா, 45 சதவீதம் இருந்தாலே லா படிக்கலாம்னு சென்னை வீடியோவில் சொல்றாங்களே, நம்ம பையனுக்கு ஏன் இடம் இல்லைன்னுட்டாங்க?"

வீடியோவில் சொன்னது சரிதான். ஆனால் அது இந்தியாவின் விதி. அங்கே இந்திய பார் கவுன்சில் 2008இல் கொண்டுவந்த சட்டக் கல்வி விதிகள்தான் குறைந்தபட்ச மதிப்பெண்ணுக்கு அடிப்படை. பொதுப் பிரிவுக்கு 45, பிற்படுத்தப்பட்டோருக்கு 42, பட்டியல் இனத்தவருக்கும் பழங்குடியினருக்கும் 40. அந்த மதிப்பெண் இருந்தால் விண்ணப்பிக்கலாம், அவ்வளவுதான். சீட்டுக்கு உரிமை வந்துவிடாது என்று அந்த விதியே சொல்கிறது.

அப்புறம் இந்த 'அரை மார்க்' தகராறு. 44.9 வாங்கினால் 45 என்று எடுத்துக்கொள்ளக் கூடாதா? ஒடிசா நீதித்துறைத் தேர்வில் 44.93 எடுத்த ஒருவருக்காக இதே வாதம் உச்ச நீதிமன்றம் வரை போனது. முழு எண்ணாக்கலாம் என்று விதியில் இல்லாதபோது நாங்கள் ஆக்க முடியாது என்று 2011இல் கையை விரித்துவிட்டது நீதிமன்றம்.

(திரையில்: டர்பன், ஹோவர்ட் காலேஜ் வளாகம்)

சரி, நம் ஊருக்கு வருவோம். தென்னாப்பிரிக்காவில் எல்லோருக்கும் பொதுவான 45 என்று ஒன்று கிடையாது. பட்டப் படிப்புக்கு மெட்ரிக்கில் 'பேச்சலர் பாஸ்' வேண்டும்: லைஃப் ஓரியன்டேஷன் என்ற வாழ்க்கைத் திறன் பாடம் தவிர நான்கு பாடங்களில் 50 சதவீதம், ஹோம் லாங்குவேஜ் என்ற முதல் மொழிப் பாடத்தில் 40. அதற்கு மேல் எல்.எல்.பி.க்கு எத்தனை புள்ளி வேண்டும் என்பதை அந்தந்தப் பல்கலைக்கழகமே வைத்துக்கொள்ளும். 1997ஆம் ஆண்டின் உயர்கல்விச் சட்டம், பிரிவு 37, அதற்கு அந்த அதிகாரத்தைத் தருகிறது.

புள்ளிக் கணக்கில்தான் பலர் கோட்டை விடுகிறார்கள். பல இடங்களில் மதிப்பெண்ணைப் படிநிலையாக மாற்றிக் கூட்டுவார்கள். வரலாற்றில் 70 வாங்கியவருக்கும் 6, 79 வாங்கியவருக்கும் 6. 80 தொட்டால் 7. அந்த ஒரு மதிப்பெண்ணுக்காக வழக்கறிஞரைத் தேடி ஓடுவதைவிட, கெடு முடிவதற்குள் ரீமார்க், அதாவது விடைத்தாளை மறுபடி திருத்தச் சொல்லிக் கேட்பது எவ்வளவோ மேல்.

நீதிமன்றம் எதைப் பார்க்கும்? எண்ணை அது அவ்வளவாகத் தொடாது. பல்கலைக்கழகம் தான் வெளியிட்ட கொள்கைப்படியே நடந்ததா, நியாயமற்ற பாகுபாடு காட்டியதா என்றுதான் பார்க்கும்.

நம் சமூகத்துக்கு இன்னும் உறுத்துகிற வழக்கு ஒன்று உண்டு. 1995இல் வெளியான தீர்ப்பு. நேட்டால் பல்கலைக்கழக மருத்துவப் பள்ளி, முதலாண்டில் இந்திய மாணவர்களுக்கு 40 இடம் என்று உச்சவரம்பு வைத்திருந்தது. மெட்ரிக்கில் பிரமாதமாகத் தேறிய ஓர் இந்திய மாணவிக்கு இடம் இல்லை. "இனவெறி ஆட்சியில் நாங்களும்தானே அடிபட்டோம்" என்பது அவர் தரப்பு. டர்பன் நீதிமன்றம் அதை மறுக்கவில்லை. ஆனால் கறுப்பின மாணவர்களின் பள்ளிக் கல்வி அதைவிட மோசமாக்கப்பட்டிருந்தது, அதைச் சரிசெய்ய வகுத்த கொள்கை நியாயமற்ற பாகுபாடு ஆகாது என்று சொல்லி மனுவைத் தள்ளியது. அது மருத்துவச் சீட்டு வழக்குதான், ஆனால் லா சீட்டுக்கும் வாதம் அதே வழியில்தான் போகும். அந்தப் பெண்ணின் வருத்தம் எனக்குப் புரிகிறது. ஆனாலும் தீர்ப்பின் அடிப்படை சரி என்றே நினைக்கிறேன். பழைய அநீதிகளுக்குப் பரிகாரம் செய்யச் சேர்க்கைக் கொள்கையில் வழி இருக்கவேண்டும் என்று பிரிவு 37ம் பின்னால் எழுதிவைத்தது.

(திரையில்: ஒரு விண்ணப்பக் கடிதம்)

அப்படியானால் மறுக்கப்பட்டவர் சும்மா இருக்கவேண்டுமா? இல்லை. 2000ஆம் ஆண்டின் நிர்வாக நீதிச் சட்டப்படி 90 நாளுக்குள் எழுத்தில் காரணம் கேட்கலாம். பதில் தர அவர்களுக்கும் 90 நாள். உள் மேல்முறையீடு இருந்தால் முதலில் அதை முடிக்கவேண்டும். அதன்பின் தாமதிக்காமல், எப்படியும் 180 நாளுக்குள், மறுஆய்வு கேட்டு நீதிமன்றம் போகலாம். காகிதத்தில் நல்ல உரிமைதான். ஆனால் அதற்குள் கல்வியாண்டே ஓடிவிடும். ஜெயித்தாலும் பெரும்பாலும் "மறுபடி பரிசீலி" என்ற உத்தரவுதான் வரும், நேராகச் சீட் வருவது அபூர்வம்.

அதனால் கடிதத்தை அந்த வாரமே எழுதுங்கள். புள்ளியை எப்படிக் கணக்கிட்டீர்கள், எந்த ஆண்டுக் கொள்கைப்படி, என் விண்ணப்பம் எந்தப் பிரிவில் பார்க்கப்பட்டது என்று மூன்றையும் கேளுங்கள். கூடவே பி.ஏ.வுக்கோ பி.காமுக்கோ இடம் கிடைத்தால் விட்டுவிடாதீர்கள். அதை முடித்துவிட்டு எல்.எல்.பி.க்கு வரும் வழி திறந்தே இருக்கிறது.