முரணுக்கு ஓர் இடம்

அவையோருக்கு வணக்கம். தன்னையே சுட்டிக்கொள்ளும் அமைப்புகளில், அதாவது தன் நிலையைத் தானே தீர்மானிக்கும் கருவி, தன்னைப் பற்றியே பேசும் வாக்கியம் போன்றவற்றில், முரண் எழாமல் காக்க ஒரு சட்டம் இயற்றினால், பல உலகங்களுக்கும் பொதுவாக இயற்றினால், அது எப்படி இருக்கும் என்பதே இன்றைய தலைப்பு. கற்பனைச் சட்டம்தான். ஆயினும் அதற்கு மிக நெருக்கமான ஒன்றை ஓர் இயற்பியலாளர் உண்மையாகவே எழுதியிருக்கிறார். அவரிடம் போகுமுன் ஒரு மின்மணியைப் பார்த்துவிடுவோம்.

பள்ளி ஆய்வகத்தில் பழைய மின்மணியின் மூடியைக் கழற்றிப் பார்த்தவர்களுக்கு நினைவிருக்கும். கம்பிச்சுருளில் மின்சாரம் பாய்ந்தால் மின்காந்தம் இரும்புத் தகட்டை இழுக்கும். தகடு நகர்ந்ததும் திருகுமுனையை விட்டு விலகி மின்சாரம் அறுபடும். அறுபட்டதும் வில் தகட்டைப் பழைய இடத்துக்கே தள்ள, மறுபடியும் மின்சாரம் பாயும். இதை ஏட்டில் எழுதினால் "மின்சாரம் பாய்ந்தால் மின்சாரம் பாயாது" என்றுதான் எழுத வேண்டும். தர்க்கத்துக்கு இது முரண்; மணிக்கோ இதுதான் பிழைப்பு, கணகணவென்று அடித்துக்கொண்டிருக்கிறது.

"நான் இப்போது சொல்வது பொய்" என்ற வாக்கியமும் இந்த மணியின் உறவுதான். மெய்க்கு 1, பொய்க்கு 0 என்று வைத்து, அவ்வாக்கியத்தின் மதிப்பை 'அ' என்று கொண்டால், அ = 1 − அ என்றாகிறது. பூஜ்யமும் பொருந்தாது, ஒன்றும் பொருந்தாது. அரை மட்டுமே பொருந்தும். அரை மெய் என்றால் என்ன என்று வாக்கியத்தைக் கேட்டால் பதில் இல்லை. மணியைக் கேட்டால் உண்டு: பாதி நேரம் ஓடு, பாதி நேரம் நில். முரணைப் பரப்பி வைக்க மணிக்குக் காலம் என்ற இடம் இருந்தது. வாக்கியத்துக்கு அந்த இடம் இல்லை.

தர்க்கவியலாளர்கள் வேறுவகை இடத்தைத் தேடினார்கள். கணம் என்றால் பொருள்களின் தொகுப்பு; தன்னைத் தன்னுள் அடக்காத கணங்கள் எல்லாவற்றின் கணம் தன்னை அடக்குமா என்று கேட்டால், அடக்கினால் அடக்காது, அடக்காவிட்டால் அடக்கும் என்று வரும் சிக்கலை 1902-இல் ஜெர்மானியத் தர்க்கவியலாளர் ஃப்ரேகேவுக்குக் கடிதமாக எழுதிய ரஸ்ஸல், 1908-இல் கணங்களை அடுக்குகளாகப் பிரித்தார். ஒரு மொழியின் மெய்மையைப் பற்றி அதைவிட ஒரு படி மேலான மொழியில்தான் பேச முடியும் என்று டார்ஸ்கி பின்னர் காட்டினார். இருவரும் சுட்டுபவனையும் சுட்டப்படுவதையும் ஒரு படி விலக்கி நிறுத்தினார்கள்.

ஆனால் காலமே வளைந்து தன்னிடம் திரும்பி வந்தால் என்ன செய்வது? ஐன்ஸ்டைனின் சமன்பாடுகள் அத்தகைய வளையத்துக்கு இடம் தருகின்றன என்று 1949-இல் தர்க்கவியலாளர் கோடல் காட்டினார். அதிலிருந்து பேரன் பின்னோக்கிச் சென்று தாத்தாவைக் கொல்லும் கதை ஓயவில்லை. (அந்தத் தாத்தாவின் மீது இவர்களுக்கு என்ன பகையோ!) கொலை எப்படியும் தவறிவிடும் என்றார் இயற்பியலாளர் நோவிகோவ். கால இயந்திரமே இயங்காதபடி இயற்கை தடுக்கும் என்று 1992-இல் இயற்பியலாளர் ஸ்டீபன் ஹாக்கிங் ஊகித்தார். இரண்டும் தடைச் சட்டங்களே.

தொடக்கத்தில் நான் சொன்ன இயற்பியலாளர் டேவிட் டாய்ச். அவர் 1991-இல் எழுதியது அனுமதிச் சட்டம். வளையத்துக்குள் நுழையும் நிலையும் அதிலிருந்து வெளிவரும் நிலையும் ஒன்றாக இருக்க வேண்டும் என்பது மட்டுமே அதன் நிபந்தனை. அணுவளவிலான பொருள்களை விளக்கும் குவாண்டம் இயக்கவியலில் நிலை என்பது பூஜ்யமோ ஒன்றோ ஆகவே இருக்க வேண்டியதில்லை என்பதால், அந்த நிபந்தனைக்கு எப்போதும் ஒரு விடையாவது இருக்கும். தாத்தா கதைக்கு விடை, அதே அரை. நடக்கக்கூடியவை எல்லாம் தனித்தனி உலகங்களில் நடக்கின்றன என்னும் இயற்பியலாளர் எவரெட்டின் பல்லுலக நோக்கில் அதை இப்படி வாசிக்கிறார்கள்: முதல் உலகத்தில் பேரன் பிறந்து, இயந்திரத்தில் ஏறி, இரண்டாம் உலகத்தில் இறங்கிக் கொலை செய்கிறான், அங்கே பேரன் பிறப்பதில்லை, ஆகவே அங்கிருந்து எவரும் புறப்படுவதில்லை, எவரும் வந்திறங்காததால் முதல் உலகத்தின் தாத்தா சுகமாக இருக்கிறார். மணிக்குக் காலம் செய்த வேலையை இங்கே உலகங்கள் செய்கின்றன. கொல்லப்பட்டவர் 'தன்' தாத்தாதானா என்று யாராவது கேட்டால் மட்டும் சட்டம் சற்றுத் தடுமாறும். ரஸ்ஸல் வைத்த அதே ஒரு படி விலகல்தான் இங்கும் வேறு உடையில் வந்திருக்கிறது.

இச்சட்டத்துக்கு விலையும் உண்டு. சில வளையங்களுக்கு ஒன்றுக்கு மேற்பட்ட விடைகள் வரும். எதைத் தேர்வது என்பதற்கு டாய்ச் இன்னொரு விதியைச் சேர்க்க வேண்டியிருந்தது. மேலும், வளையம் தன் விடையைத் தானே கண்டடைய வேண்டுமென்றால், மிக நீண்ட காலம் பிடிக்கும் கணக்குகளையும் இயற்கை நொடியில் முடித்துத் தர வேண்டியிருக்கும் என்பதை கணினி அறிவியலாளர்கள் ஆரன்சனும் வாட்ரஸும் நிறுவினார்கள். கூலி இல்லாமல் இவ்வளவு வேலை செய்யும் இயற்கையை நான் நம்பவில்லை. கதை எழுதுபவர்களுக்கு இதைவிட நல்ல சட்டம் கிடைக்காது என்பது வேறு விஷயம்.

2009 ஜூன் 28 அன்று கேம்பிரிட்ஜில் ஹாக்கிங் காலப் பயணிகளுக்கு ஒரு விருந்து வைத்தார். விருந்து முடிந்த பிறகே அழைப்பிதழை வெளியிட்டார்; எதிர்காலத்தில் அதைப் படிப்பவர்கள் மட்டுமே திரும்பி வர முடியும். ஒருவரும் வரவில்லை. இப்போது குறும்புக்காரரான இன்னொரு ஹாக்கிங்கை எண்ணிப் பாருங்கள்: விருந்தினர் வந்தால் அழைப்பிதழை மேசை இழுப்பறையிலேயே பூட்டிவிடுவது, வராவிட்டால் வெளியிடுவது என்று அவர் தீர்மானித்திருந்தால், அது அப்படியே நம் மின்மணி. டாய்ச்சின் சட்டப்படி, கூடம் நிறைந்து அழைப்பிதழ் வெளிவராத உலகம் ஒன்று இருக்கும். கூடம் காலியாகி அழைப்பிதழ் வெளிவந்த உலகம் ஒன்று இருக்கும். நாம் இரண்டாவதில் அமர்ந்திருக்கிறோம்.