தெரியாத முகத்துக்குக் கதவு திறக்கும் திகில் படம்

பெருமதிப்பிற்குரிய நடுவர் அவர்களே, எதிரணி நண்பர்களே, அவையோரே, அனைவருக்கும் வணக்கம்.

'பெரிய நிறுவனங்களின் துணையில்லாமல் எடுக்கப்படும் சிறு முதலீட்டுத் திகில் படங்கள் நடிகரின் வாழ்வை உயர்த்துகின்றனவா, முடக்குகின்றனவா?' என்பது தலைப்பு. உயர்த்துகின்றன என்று வாதாட வந்திருக்கிறேன். எனக்கு முன் பேசிய எதிரணித் தலைவர் மூன்று குற்றச்சாட்டுகளை அடுக்கினார். சம்பளம் இல்லை, பாதுகாப்பு இல்லை, ஒருமுறை அலறியவரை ஆயுசு முழுக்க அலறத்தான் கூப்பிடுவார்கள். மூன்றுக்கும் வருகிறேன். அவர் தொடாமலே விட்ட ஒரு கேள்வியை முதலில் எடுத்துக்கொள்கிறேன்.

முகம் தெரியாத நடிகருக்கு முழுநீளப் படத்தில் முதன்மைப் பாத்திரத்தை யார் தருவார்கள்? காதல் படத்தையோ குடும்பப் படத்தையோ விற்கப் போனால் விநியோகஸ்தர் கேட்கும் முதல் கேள்வி, 'யார் நடிச்சிருக்காங்க?' திகில் படத்துக்கு மட்டும் அது 'பயமா இருக்குமா?' என்று மாறிவிடுகிறது. தெரிந்த முகம் இங்கே சில நேரம் இடைஞ்சல்கூட. நட்சத்திரம் இடைவேளைக்கு முன் சாகமாட்டார் என்பது ரசிகருக்குத் தெரியும். தெரியாத முகம் எப்போது வேண்டுமானாலும் சாகலாம். அந்த நிச்சயமின்மைதான் பயத்தின் பாதி.

'பாராநார்மல் ஆக்டிவிட்டி'யைப் பாருங்கள். 2006-இல் சான் டியேகோவில் இயக்குநர் ஓரன் பெலி தன் சொந்த வீட்டிலேயே ஏழு நாளில் எடுத்த படம். செலவு சுமார் 15,000 டாலர். எழுதிய வசனம் கிடையாது. சூழலைச் சொல்லி கேட்டி ஃபெதர்ஸ்டனையும் மைக்கா ஸ்லோட்டையும் பேசவிட்டார். ஆளுக்கு முதலில் கிடைத்தது 500 டாலர். 2009-இல் திரையரங்குக்கு வந்து உலகெங்கும் 19 கோடி டாலருக்கு மேல் வசூலித்தது. அந்த 500 டாலரை எதிரணியினர் குறித்துக்கொள்வது தெரிகிறது. குறித்துக்கொள்ளுங்கள், அங்கேயும் வருவேன். பெயர் தெரியாத இருவரின் தோளில் ஒரு முழுப் படத்தை ஏற்றிவைக்கத் துணிந்த வேறு வகைப் படம் எது? அதைச் சொல்லிவிட்டு 500 டாலரைப் பேசுங்கள்.

'டெரிஃபையர்' படங்களின் கோமாளிக் கொலைகாரனுக்கு வசனமே கிடையாது. மேடை இசை நாடகங்களில் நடித்துவந்த டேவிட் ஹோவர்ட் தார்ன்டன், உடல்மொழியை மட்டும் வைத்து அந்த வேடத்தைப் பிடித்தார். 2022-இல் வந்த இரண்டாம் பாகத்தின் செலவு சுமார் இரண்டரை லட்சம் டாலர், வசூல் ஒரு கோடி டாலருக்கு மேல். நம்மூரிலும் 2012-இல் கார்த்திக் சுப்புராஜின் முதல் படமான 'பீட்சா' இருக்கிறது. அன்று விஜய் சேதுபதி நட்சத்திரம் இல்லை. எதிரே பேச ஆளில்லாமல், கையில் ஒரு டார்ச் லைட்டோடு பங்களாவுக்குள் நீண்ட நேரம் தனியாக நடித்துக் காட்ட அவருக்கு இடம் தந்தது ஒரு சிறிய திகில் படம்தான்.

'அலறுவதெல்லாம் நடிப்பா?' என்றார் எதிரணித் தலைவர். நடுவர் அவர்களே, இந்த இடத்தில் கொஞ்சம் நின்று பேச அனுமதி வேண்டும். என் வாதத்தின் உயிரே இங்கேதான் இருக்கிறது.

1978-இல் ஜான் கார்பென்டர் 'ஹாலோவீன்' எடுத்தார். சுமார் 3 லட்சம் டாலர் செலவு, ஏறத்தாழ 20 நாள் படப்பிடிப்பு. 19 வயது ஜேமி லீ கர்டிஸுக்கு ஊதியம் 8,000 டாலர். அவர் நட்சத்திரத் தம்பதியின் மகள் என்பதை நான் மறைக்கவில்லை. ஆனால் அந்தப் படத்தில் அவர் கற்றது பெற்றோர் கொடுத்ததல்ல. காட்சிகளை வரிசை மாற்றி எடுத்ததால், ஒவ்வொரு காட்சியிலும் எத்தனை பயம் தேவை என்று சொல்ல கார்பென்டர் ஒரு பய அளவுகோலையே வைத்திருந்தார். கதையின் கடைசி ஓட்டத்தைக் காலையிலும் முதல் சந்தேகத்தை மாலையிலும் நடிக்க வேண்டிய நடிகருக்கு வேறு பிடிமானம் ஏது?

இன்றைக்கும் வேலை தெரிந்த நடிகர் செய்வது அதுதான். திரைக்கதையின் ஒவ்வொரு காட்சி ஓரத்திலும் நான்கு குறிப்புகள் எழுதுவார்: பயம் பத்துக்கு எத்தனை, மூச்சு எந்த வேகம், காயமும் ரத்தமும் எந்தப் பக்கம், இதுவரை அந்தப் பாத்திரத்துக்குத் தெரிந்தது என்ன. மூன்றாம் காட்சியிலேயே ஒன்பதைக் கொடுத்துவிட்டால் முப்பதாம் காட்சிக்கு ஏற இடமிருக்காது; எடிட்டருக்கும் வெட்டி ஒட்ட வழியிருக்காது. காட்சிக்குக் காட்சி உடையும் காயமும் பொருந்துகிறதா என்று பார்க்கும் தனி கன்டினியூட்டி ஆள் சிறு படங்களில் பெரும்பாலும் இருக்கமாட்டார். அதனால் ஒவ்வொரு காட்சி முடிவிலும் முகம், கை, உடை மூன்றையும் போனில் படமெடுத்து வைப்பதும் நடிகரின் வேலையாகிவிடுகிறது. மூச்சைத்தான் பலர் மறப்பார்கள். ஓடிவந்து கதவைச் சாத்தும் ஷாட் இன்றைக்கு, சாத்திய கதவில் சாய்ந்து நிற்கும் க்ளோசப் நான்கு நாள் கழித்து. அந்த க்ளோசப்புக்கு முன் நின்ற இடத்திலேயே அரை நிமிடம் ஓடாவிட்டால், திரையில் மூச்சு ஒட்டாது. பார்ப்பவருக்குக் காரணம் தெரியாது, காட்சி பொய் என்பது மட்டும் தெரிந்துவிடும்.

அலறலுக்கு வருகிறேன். தொண்டையை இறுக்கிக் கத்தினால் இரண்டாவது டேக்கிலேயே குரல் கம்மிவிடும். மறுநாள் வசனக் காட்சி போச்சு. வயிறு வரை மூச்சை இழுத்து, கொட்டாவி விடும்போது திறப்பதுபோல் தொண்டையைத் திறந்து, தாடையை முன்னே தள்ளாமல் விட வேண்டும். ஒத்திகையில் வாயைத் திறந்து உடலை மட்டும் நடிக்கவிட்டு, குரலை டேக்குக்குச் சேமிப்பார்கள். முழு அலறல் இரண்டு மூன்று டேக் போதும். கோணம் மாறும்போது சத்தத்தைக் குறைத்துக்கொண்டு, நாள் முடிவில் அலறலை மட்டும் தனியாக ஒலிப்பதிவாளரிடம் கொடுத்துவிடலாம். டேக்குக்கு முன் அவரிடம் ஒரு வார்த்தை சொல்லாவிட்டால் ஒலி உடைந்துபோய், நல்ல அலறலே வீணாகும். கால்ஷீட் போடும் உதவி இயக்குநரிடம் 'வசனம் காலையில், அலறல் கடைசியில்' என்று முன்கூட்டியே கேட்பது உரிமை. முடிந்தபின் ஒரு டம்ளர் தண்ணீரில் ஸ்ட்ராவை விட்டு, 'ஊ' என்று குரல் கொடுத்தபடி சில நிமிடம் குமிழி விட்டால் குரல்நாண்கள் தளரும். குரலுக்கு ஓய்வு கொடுக்கிறேன் என்று கிசுகிசுப்பது தப்பு, அதிலும் குரல்நாண் சிரமப்படும். இத்தனையும் பழகியவரை மேடை நாடகத்தில் விடுங்கள், டப்பிங்கில் விடுங்கள், எங்கும் நிற்பார்.

முகமூடி வேலையும் இப்படித்தான். முகத்தை அச்செடுக்கும்போது ஆல்ஜினேட் என்ற அச்சுக் களிம்பைப் பூசி, மேலே பிளாஸ்டர் துணி போர்த்துவார்கள். அரை மணி நேரம் அளவுக்குக் கண்ணும் வாயும் மூடியிருக்கும், மூக்குத் துளைகள் மட்டும் திறந்திருக்கும். பேச முடியாது என்பதால், கட்டைவிரலைத் தூக்கினால் 'நலம்', உள்ளங்கையை விரித்தால் 'உடனே எடு' என்று முன்பே பேசிவைக்க வேண்டும். முகமூடியை ஒட்டும் பசையைக் குறைந்தது 24 மணி நேரம் முன்பு முழங்கை மடிப்பில் தடவிச் சோதிக்க வேண்டும். படப்பிடிப்பு அன்று முகத்தில் தடவி, அரிப்பு கிளம்பி, வேலையே நின்றுபோவது சிறு படங்களில் அடிக்கடி நடப்பது. கழற்றும் நேரத்தையும் வேலை நேரத்தில் சேர்த்துக்கொள்ளுங்கள். அவசரத்தில் உரித்தால் தோலும் கூட வரும். கரைப்பான் ஊறும்வரை பொறுத்துத்தான் எடுக்க வேண்டும். 'ஈவில் டெட்' படத்தில் பேய் பிடித்தவர்களுக்குப் போட்ட தடித்த வெள்ளை லென்ஸை ஒரு தடவைக்கு 15 நிமிடத்துக்கு மேல் வைத்திருக்க முடியவில்லை. இன்று லென்ஸ் மேம்பட்டுவிட்டது. ஆனாலும் கண் மருத்துவரிடம் அளவெடுக்காத லென்ஸையும் இன்னொருவர் போட்ட லென்ஸையும் தொடக்கூடாது. பார்வை மங்கும் என்பதால் கைபிடித்து நடத்த ஓர் ஆள் வேண்டும்.

பாதுகாப்பு பற்றிய எதிரணியின் கவலை நியாயமானது. அதை நான் தள்ளிவிடமாட்டேன். 1973 கோடையில் டெக்சாஸில் எடுக்கப்பட்ட 'டெக்சாஸ் செயின் சா மாசாகர்' படத்தின் விருந்துக் காட்சி ஒரே மூச்சில் 26 மணி நேரம் போனது. ஜன்னலெல்லாம் மூடிய வீடு, தாங்கமுடியாத வெக்கை. நாயகி மர்லின் பர்ன்ஸின் விரலை வெட்டும் ஷாட்டில், கத்தியின் பின்னால் ஒட்டிய குழாயில் ரத்தக் கலவை அடைத்துக்கொண்டது. பொறுமை இழந்த சக நடிகர் கூர்முனையை மூடியிருந்த டேப்பை உரித்துவிட்டு நிஜமாகவே விரலை வெட்டிவிட்டார். அந்தச் சம்பவத்தின் காரணத்தைக் கவனியுங்கள். சோளப்பாகில் கலந்த ரத்தம் நேரமாக ஆகக் கெட்டியாகும். நீர் கலந்து இளக்கி, ஒவ்வொரு டேக்குக்கும் இடையில் குழாயை வெந்நீரால் கழுவாவிட்டால் அடைக்கும். கூடவே தூக்கமில்லாத உடம்பு. இரண்டும் தவிர்க்கக்கூடியவை. படப்பிடிப்புத் தளத்தில் கூரான கத்தி இருக்கவே கூடாது, தூரத்து ஷாட்டுக்கு ரப்பர், க்ளோசப்புக்கு மழுங்கிய உலோகம். அமெரிக்க நடிகர் சங்கமான சாக்-ஆஃப்ட்ரா விதிப்படி ஒரு நாள் வேலை முடிந்து அடுத்த நாள் வேலைக்கு இடையில் பொதுவாக 12 மணி நேர ஓய்வு வேண்டும். ஆறு மணி நேரத்துக்குள் சாப்பாடு. சண்டைப் பயிற்சியாளர் இல்லாத தளத்தில் படிக்கட்டில் உருளச் சொன்னால், 'டூப் வரட்டும்' என்று சொல்வது கோழைத்தனம் ஆகாது.

முத்திரை குத்திவிடுவார்களா? புரூஸ் கேம்பெல், மிச்சிகனில் பள்ளித் தோழன் சாம் ரைமியோடு 1978-இல் சுமார் 1,600 டாலரில் ஒரு குறும்படம் எடுத்தார். அதைக் காட்டி முதலீடு திரட்டித்தான் 'ஈவில் டெட்' பிறந்தது. பிற்பாடு 2007 முதல் 2013 வரை 'பர்ன் நோட்டீஸ்' என்ற உளவுத் தொடரில் நிலையான வேடம். பார்பரா கிராம்ப்டன் 1985-இல் 'ரீ-அனிமேட்டர்' செய்தார், பிறகு தொலைக்காட்சித் தொடர்களில் இருந்தார். 2011-இல் 'யூ ஆர் நெக்ஸ்ட்' மூலம் திகிலுக்குத் திரும்பி, 60 வயதைக் கடந்தபின் 'ஜேக்கப்ஸ் வைஃப்' படத்தில் தானே நாயகி, தானே தயாரிப்பாளர்களில் ஒருவர். அந்த வயதுப் பெண்ணுக்கு வேறு எந்த வகையில் நாயகி வேடம் வரிசையில் நிற்கிறது என்று எதிரணி சொல்லட்டும்.

முத்திரை விழுவது, நடித்த காட்சிகளைத் தொகுத்து நடிகர் அனுப்பும் ஷோரீலில்தான். இரண்டு நிமிட ரீலில் முதல் துண்டே அலறலாக இருந்தால், பார்ப்பவர் உங்களை அலறலாகத்தான் நினைவில் வைப்பார். முதலில் ரத்தம் இல்லாத, எதிராளி பேசுவதைக் கேட்டுக்கொண்டிருக்கும் ஒரு க்ளோசப். அடுத்து சாதாரண வசனம். திகில் மூன்றாவதாக வரட்டும். ஆடிஷன் வீடியோவிலும் அலற வேண்டாம், போன் மைக் தாங்காது. அலறலுக்கு முந்தைய மூன்று விநாடியைக் காட்டுங்கள், இயக்குநர் தேடுவது அதைத்தான். முதல் படத்தில் துரத்தப்படுபவர் என்றால் இரண்டாவதில் துரத்துபவர், மூன்றாவதில் எதையும் நம்பாத அம்மா என்று மாற்றிக் கேளுங்கள். மான்ட்ரியலின் ஃபேன்டேசியா, ஆஸ்டினின் ஃபென்டாஸ்டிக் ஃபெஸ்ட், ஸ்பெயினின் சிட்ஜெஸ், லண்டனின் ஃப்ரைட்ஃபெஸ்ட் என்று திகிலுக்கும் விசித்திரத்துக்கும் தனி விழாக்கள் இருக்கின்றன. படம் அங்கே தேர்வானால் இயக்குநரை மட்டும் அனுப்பிவிட்டு வீட்டில் இருக்கக்கூடாது. அடுத்த படத்தின் இயக்குநர் அதே வரிசையில் உட்கார்ந்திருப்பார்.

இப்போது அந்த 500 டாலர். சாக்-ஆஃப்ட்ராவில் 3 லட்சம் டாலருக்குள் எடுக்கும் படங்களுக்கென்றே மிகக் குறைந்த முதலீட்டு ஒப்பந்தம் இருக்கிறது. இப்போது நாளொன்றுக்குச் சுமார் 250 டாலர். அதிகமில்லைதான், ஆனால் பின்னால் படம் தொலைக்காட்சிக்கோ இணையத்துக்கோ போனால் பின்வருவாயும் வரும். சங்கத்துக்கு வெளியே நடிக்கும்போது அந்தக் காவல் இல்லை. 'லாபத்தில் பங்கு' என்ற வாக்குறுதியை மட்டும் நம்பக்கூடாது. நான் சொன்ன அந்த டெக்சாஸ் படத்திலேயே நடிகர்களுக்குத் தந்தது தயாரிப்புக் கம்பெனியின் பங்கு. அந்தக் கம்பெனிக்குப் படத்தில் பாதிதான் சொந்தம் என்பதை அவர்களிடம் சொல்லவில்லை. எனவே கேட்க வேண்டிய கேள்வி, 'எத்தனை சதவீதம்?' என்பதோடு முடியாது. 'எதில் சதவீதம், யார் யாருக்குப் போனபின் மிஞ்சுவதில்?' என்பதுதான் முழுக் கேள்வி.

'பிளேர் விட்ச் ப்ராஜெக்ட்' இன்னும் பெரிய பாடம். 1997 அக்டோபரில் மேரிலாந்துக் காட்டில் எட்டு நாள், மூன்று நடிகர்கள், அவர்களே கேமராவும் பிடித்தார்கள். 1999-இல் சன்டான்ஸ் விழாவில் 11 லட்சம் டாலருக்கு விற்ற படம் உலகெங்கும் சுமார் 24 கோடியே 80 லட்சம் டாலர் வசூலித்தது. பாத்திரங்களுக்கு நடிகர்களின் சொந்தப் பெயரே. விளம்பரத்துக்காக அவர்களைக் காணாமல்போனவர்கள் என்றே உலகை நம்பவைத்தார்கள். 2024-இல் மூவரும் பகிரங்கக் கடிதம் எழுதி, தங்களுக்குரிய பின்வருவாயைக் கேட்கும் நிலை வந்தது. எதிரணி இதைத் தங்கள் பக்கச் சான்றாகக் காட்டுவார்கள். நடுவர் அவர்களே, தயவுசெய்து அந்த மூவர் கேட்டதைப் பாருங்கள். செய்த வேலைக்கு உரிய பணமும், தங்கள் பெயரும் முகமும் இனி எப்படிப் பயன்படும் என்பதில் தங்கள் கருத்துக்கு இடமும் கேட்டார்கள். ஒப்பந்தத்தில் இரண்டு வரி இருந்திருந்தால் கிடைத்திருக்கக்கூடியவை அவை. சொந்தப் பெயரையும் உருவத்தையும் இந்தப் படத்துக்கு வெளியே, தொடர் பாகங்களில், பொம்மைகளில் பயன்படுத்தத் தனி அனுமதியும் தனி ஊதியமும் வேண்டும் என்பது ஒரு வரி. விற்பனை விலை இன்ன தொகையைத் தாண்டினால் இவ்வளவு கூடுதல் என்பது இன்னொரு வரி. எடிட்டிங் முடிந்து 60 நாளுக்குள் தன் காட்சிகளின் துண்டுகள் நடிகர் கைக்கு வர வேண்டும் என்று மூன்றாவதாகவும் ஒன்றைச் சேர்த்துக்கொள்ளலாம், ஏனென்றால் 'ரீலுக்கு க்ளிப் தருகிறோம்' என்ற வாய்மொழி பல சிறு படங்களில் காற்றோடு போய்விடுகிறது. இப்படிப்பட்ட வரிகளைத் தெளிவாக எழுதாத ஒப்பந்தங்களைக் குற்றம் சொல்லாமல், திகில் என்ற வகையையே எதிரணியினர் குற்றவாளிக் கூண்டில் ஏற்றுவது எந்தக் கணக்கில்?