உடையாத நாற்காலி

வணக்கம். நம் சினிமாவில் ஒரு குண்டான ஆள் உள்ளே நுழைந்தால் அடுத்து என்ன நடக்கும் என்று உங்களுக்கே தெரியும். நாற்காலி உடையும். அவர் வாயைத் திறக்கவே வேண்டாம். நான் மேடையில் சிரிக்க வைக்கும் தொழிலுக்கு வந்தபோது ஓர் ஏற்பாட்டாளர் சொன்னார்: "உங்களுக்கென்னம்மா, வந்து நின்னாலே போதும்." பாராட்டாம்!

என் உடம்பைப் பற்றி நான் தாராளமாகப் பேசுவேன். ஆனால் அந்த ஜோக்கில் என்னோடு இன்னோர் ஆளும் சிக்க வேண்டும். என்னைப் பார்க்கிறாரே, அவர்.

இங்கே சிங்கப்பூரில், டேக்கா சந்தைக் கட்டடத்தின் மாடியில் ரவிக்கை தைக்கக் கொடுக்கப் போகிறேன். தையல்கார அக்கா டேப்பை என்னைச் சுற்றிப் பிடித்துக்கொண்டு, உள்ளே நோட்டில் எழுதும் பையனுக்குக் கேட்கட்டும் என்று அளவைக் கத்துகிறார். கீழே ஈரச்சந்தையில் மீன்காரர்கூட எடையை இவ்வளவு சத்தமாகச் சொல்வதில்லை. பையன் நிமிர்ந்து, "எவ்வளவு?" என்கிறான். பக்கத்தில் சேலை புரட்டிக்கொண்டிருந்த ஆன்ட்டி, உதவி செய்கிறாராம், என் இடுப்பளவை அவனுக்குத் திருப்பிச் சொல்கிறார். இதைச் சொன்னால் சபை விழுந்து விழுந்து சிரிக்கும். எல்லார் குடும்பத்திலும் அந்த ஆன்ட்டி உண்டு, அதனால்.

முப்பதைத் தாண்டியவர்களுக்கு 'ட்ரிம் அண்ட் ஃபிட்' நினைவிருக்கும். 1992 முதல் 2007 வரை, எடை கூடிய பிள்ளைகளுக்குப் பள்ளியில் தனி உடற்பயிற்சி. நாங்கள் திடலைச் சுற்றி ஓடுவோம்; மற்றவர்கள் மீ கோரெங் தின்றபடி வேடிக்கை பார்ப்பார்கள். எடை குறைந்ததோ இல்லையோ, கூட்டத்தின் முன்னால் நிற்கும் பயம் எனக்கு அன்றே போய்விட்டது.

அப்புறம் 2005. உலகக் கணக்கில் பிஎம்ஐ, அதாவது உயரத்தோடு ஒப்பிட்ட எடைக் கணக்கு, 25-ஐத் தொட்டால்தான் எடை கூடுதல். ஆசியர்களுக்கு அதற்கு முன்பே நீரிழிவும் இதய நோயும் வரலாம் என்று சிங்கப்பூரில் அபாயக் கோட்டை 23-க்கு இறக்கினார்கள். மருத்துவக் காரணம், மறுக்கவில்லை. ஆனால் ஒரு கறிபஃப்கூடக் கூடுதலாகத் தின்னாமல் ஒரே நாளில் குண்டாகிவிட்ட எங்கள் சித்தப்பாவின் சோகத்தை எங்கே போய்ச் சொல்ல?

ஒன்று மட்டும் மேடையில் சொல்ல மாட்டேன்: என் கிலோக் கணக்கு. சொன்ன அடுத்த நொடி நீங்கள் கதையை விட்டுவிட்டு, என்னை மேலும் கீழும் பார்த்துச் சரிபார்ப்பீர்கள். ஜோக் அங்கேயே செத்துவிடும். அடுத்தவர் உடம்பையும் தொட மாட்டேன். முன்வரிசை அண்ணே, மூச்சை விடுங்க, வயிற்றை எக்க வேண்டாம்!

வெளியே வடையும் தே தாரிக்கும் வைத்திருக்கிறார்கள். முதல் தட்டு எனக்கு. 'டயட்டா?' என்று கேட்பவர்கள் அடுத்த நிகழ்ச்சியில் பாத்திரமாக வருவார்கள்.