கூலிக்கு ஒரு படம், தனக்கு ஒரு படம்

வணக்கம் நேயர்களே. வானொலியில் பேச வந்ததால் ஒரு வானொலிக் கதையிலிருந்தே தொடங்குகிறேன்.

1957. நியூயார்க்கில் ஜீன் ஷெப்பர்டின் பின்னிரவு நிகழ்ச்சி. ஜான் காஸவெட்டிஸ் என்ற 27 வயது நடிகர், தான் நடித்த படத்தைப் பற்றிப் பேச வந்தார். பேச்சு எங்கோ போய், "இதைவிட நல்ல படம் நானே எடுப்பேன், நேயர்கள் ஆளுக்குக் கொஞ்சம் அனுப்புங்கள்" என்கிற பாணியில் முடிந்தது. விளையாட்டாகச் சொன்னாரோ என்னவோ, தபாலில் பணம் வரத் தொடங்கிவிட்டது! சுமார் 2,000 டாலர். முகம் தெரியாதவர்கள் தந்த அந்த முன்பணத்தில் முளைத்ததுதான் 'ஷேடோஸ்'.

அவர் படங்களில் நடிகர்கள் வாய்க்கு வந்ததைப் பேசுகிறார்கள் என்று பலர் இன்றும் நம்புகிறார்கள். இந்தப் பழியில் பாதி அவர் தேடிக்கொண்டது. 'ஷேடோஸ்' முடிவில், இது அந்தந்த நொடியில் புனைந்து எடுத்த படம் என்று எழுத்துப் போட்டார். ஆனால் 1958-இல் காட்டிய முதல் வடிவம் பிடிக்காமல், காட்சிகளை எழுதி மறுபடி படம்பிடித்தவரும் அவரேதான்.

சில வருடம் கழித்து 'ஃபேசஸ்'. தன் வீட்டிலும் மாமியார் வீட்டிலும் 16 எம்எம் கேமராவில் ஆறு மாதம் எடுத்தார். படத்தொகுப்பு வருடக்கணக்கில் இழுத்தது. செலவுக்கு? ஊரார் படங்களில் நடித்தார். 1967-இல் 'தி டர்ட்டி டஸன்', அடுத்த வருடம் 'ரோஸ்மேரிஸ் பேபி'. 'தி டர்ட்டி டஸன்' படத்துக்குத் துணை நடிகராக ஆஸ்கர் பரிந்துரை. பிறகு 'ஃபேசஸ்' திரைக்கதைக்கும் பரிந்துரை. கூலிக்குச் செய்த வேலையும் சோடை போகவில்லை, பாருங்கள்.

1974-இல் வந்த 'எ வுமன் அண்டர் தி இன்ஃப்ளூயன்ஸ்' படத்துக்காக வீட்டையே அடமானம் வைத்தார். நடிகர் பீட்டர் ஃபால்க்கும் பணம் போட்டார். விநியோகஸ்தர் கிடைக்காமல், அவரே தியேட்டர்களைப் பிடித்து வெளியிட்டார்.

அதில் ஒரு சாப்பாட்டு மேசைக் காட்சி. இரவு வேலை முடிந்து கணவனோடு வந்த தொழிலாளர்களுக்கு மேபல் ஸ்பகெட்டி பரிமாறுகிறாள். மேபலாக நடித்தவர் காஸவெட்டிஸின் மனைவி ஜீனா ரோலண்ட்ஸ். ஒருவர் பாடத் தொடங்குகிறார். குரல் எங்கிருந்து வருகிறது என்று தேடுவதுபோல, மேபல் அவர் வாயருகே போய் உற்றுப் பார்க்கிறாள். இன்னொருவரை ஆட வா என்று வற்புறுத்துகிறாள். அவர் நெளிகிறார். கணவன் பொறுத்துப் பொறுத்துப் பார்த்து, உட்காரச் சொல்லி ஒரே கத்து.

அதன்பின் எல்லோரும் தட்டையே பார்த்துக்கொண்டிருக்கிறார்கள்.